ஒடீல் அக்கா வெட்டி ஒட்டிய படம்

பிரெஞ்சுக்காரி என்றால் வேதக்காரியாகத்தான் இருக்க வேண்டும் என்பதில் பேர்பெச்சுவாவுக்குக் கடுகளவும் சந்தேகம் இருந்ததில்லை. எப்படி இருக்கும்? யாழ்ப்பாணத்துப் பாசையூரில் அவளுக்கு ஞானஸ்நானம் கொடுத்தவர் ஒரு பிரெஞ்சுச் சுவாமியார். முதல் நன்மை கொடுத்தவர் இன்னொரு பிரெஞ்சுச் சுவாமியார். நெஞ்சுவரை தாடியோடு சைக்கிளில் வந்து, உடைந்த தமிழில் ஊர் முழுவதையும் ஏசி, ஏசி முடிந்ததும் எல்லாருக்கும் ஆசீர்வாதம் கொடுத்துவிட்டுப் போகிற மனுஷன் அவர். பிரான்ஸ் என்றால் தெருவுக்குத் தெரு கோவிலும் வீட்டுக்கு வீடு ஒரு கன்னியாஸ்திரியும் உள்ள நாடு என்று நம்பித்தான் அவள் வளர்ந்தாள். அதனால் 1987ஆம் ஆண்டு மாசி மாதம் ஜெர்மனியில் ஹம் நகரத்து அகதிகள் விடுதியான ஹைமுக்கு ஒடீல் என்ற பிரெஞ்சுப் பெண் கமராக்காரனோடு வந்து இறங்கியபோது, பேர்பெச்சுவா சந்தோஷத்தில் நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டாள்.

“எங்கட ஆள் ஒண்டு வந்திட்டுது, கொறற்றி!” என்று பக்கத்து அறைச் சிநேகிதியைக் கூப்பிட்டுச் சொன்னாள்.

எங்கட ஆளாவது, மண்ணாங்கட்டியாவது! ஒடீலின் தகப்பன் ரயிலில் கரி அள்ளிப் போட்டவர். வீட்டு வாசலில் எந்தக் குருவானவராவது தலைகாட்டினால் அதே கரியால் எறிவேன் என்று சொல்லித் திரிந்தவர். அவருடைய மகள் ஐம்பத்தெட்டு வயதுவரை ஒரு பூசை கண்டதில்லை. இதெல்லாம் பேர்பெச்சுவாவுக்குத் தெரியாது. அவள் கேட்கவுமில்லை. தண்ணீர் ஈரமா என்று யாராவது கேட்பார்களா?

அகதிப் பெண்களைப் பற்றி ஒரு படம் எடுத்துத் தரும்படி ஜெர்மன் தொலைக்காட்சி ஒன்று ஒடீலைக் கேட்டிருந்தது. தமிழை ஜெர்மனில் சொல்ல ஓர் ஆள் வேண்டும். பேர்பெச்சுவா வந்து மூன்று வருஷமாகியிருந்தது. ஊரில் தையல் ரீச்சர். வாய் ஒரு நிமிஷம் சும்மா இராது. அப்படிப்பட்டவளுக்கு எந்தப் பாஷையும் கொஞ்சம் ஒட்டிக்கொள்ளும். அகதி வழக்கு முடியும்வரை வேலை செய்ய அனுமதி இல்லை, சும்மா இருந்து சுவரைப் பார்க்க மட்டும்தான் அனுமதி. ஒடீல் கேட்ட மறுநிமிஷமே அவள் சப்பாத்தைப் போட்டுக்கொண்டு நின்றாள்.

இருவரும் பேசிக்கொண்டது ஜெர்மன். அதைக் கேட்ட ஜெர்மன்காரன் காதைப் பொத்திக்கொண்டு ஓடியிருப்பான். ஒடீலுடைய ஜெர்மன் மூக்கால் வரும். பேர்பெச்சுவாவுடையதில் ஒரு வசனத்துக்குத் தலை இருந்தால் வால் இராது. ஆனாலும் ஒருத்தி சொன்னது மற்றவளுக்கு விளங்கியது. அந்தக் கண்றாவியை இங்கே தமிழில்தான் சொல்ல முடியும்.

படம் பிடித்து முடிந்ததும், ஸ்டேஷனுக்குப் பின்னால் ஒரு சைக்கிள் கடையின் பின்னறையை ஒடீல் எடுத்துக்கொண்டாள். அங்கே அவளுடைய வெட்டுமேசை வந்து இறங்கியது. கட்டில் அளவு மேசை. படம் ஒரு சுருள், சத்தம் இன்னொரு சுருள். இரண்டும் மேசையில் படுத்தபடி சுழல, நடுவில் ஒரு சின்னத் திரையில் ஆட்கள் நடமாடுவார்கள். வேண்டாத இடத்தை வெட்டி, வேண்டிய இரண்டு துண்டையும் சேர்த்து ஒட்டுவாள். வெட்டி எடுத்த துண்டுகள் ஒரு சட்டத்து ஊசிகளில் தொங்கும். அவற்றின் வால்கள் கீழே துணி விரித்த பெட்டிக்குள் சுருண்டு கிடக்கும். கத்தரிக்கோல் எந்நேரமும் ஒடீலின் கழுத்தில் நாடாவில் தொங்கியது.

பேர்பெச்சுவா பாணும் சம்பலும் கொண்டுபோவாள். ஒடீல் உறைப்பில் கண்ணில் நீர் வழியத் தின்றுவிட்டு, சிகரெட்டைப் பற்றவைத்துக்கொண்டு தன் கதையைச் சொல்லுவாள். பத்தொன்பது வயதில் பாரிஸில் படத்துண்டுகளுக்குப் பசை தடவுகிற பெட்டையாகச் சேர்ந்தவள்.

“படம் எடுக்கிறது ஆம்பிளையள். வெட்டி ஒட்டுறது பொம்பிளையள். தையல் வேலை மாதிரி எண்டு நினைச்சாங்கள்,” என்றாள் ஒடீல். “ஒருத்தன் மூண்டு மணித்தியாலப் படத்தைக் கொண்டுவந்து வைச்சிட்டு எனக்குப் பின்னால இருந்து அழுவான். நான் அதை ஒண்டரை மணித்தியாலமாக்கிக் குடுப்பன். பிறகு அவன் கோட்டுப் போட்டுக்கொண்டு பரிசு வாங்கப் போவான். நான் அடுத்தவன்ரை அழுகையைக் கேட்டுக்கொண்டிருப்பன்.”

“நீங்கள் ஏன் அக்கா ஒண்டு எடுக்கேல்லை?”

“கேட்டுக் கேட்டு வாய் உளைஞ்சது. பொம்பிளை சொன்னால் கமராக்காரன் கேக்கமாட்டான் எண்டாங்கள். நாப்பது வருஷத்துக்குப் பிறகு இதுதான் என்ரை முதல் படம். இந்த வயசில இதுதான் கடைசியும்.”

“விசர்க்கதை கதையாதையுங்கோ! சாராள் தொண்ணூறு வயசில பிள்ளை பெத்தவ.”

“ஆர் சாராள்? உன்ரை சொந்தமே?”

பேர்பெச்சுவா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். என்ன பகிடிக்காரி இந்த மனுஷி! ஒடீல் பகிடி விடவில்லை, வேதாகமத்துச் சாராளைத் தெரியாமல் உண்மையாகவே கேட்டாள் என்பது பேர்பெச்சுவாவின் புத்திக்கு எட்டவில்லை.

ஒடீலிடம் ஒரு வழக்கம் இருந்தது. எந்தத் துண்டையும் முதலில் சத்தமில்லாமல்தான் பார்ப்பாள். “வாய் பொய் சொல்லும், பெர்பெத்யு. கண்ணைப் பாத்துத்தான் வெட்டவேணும்,” என்பாள். பேர்பெச்சுவாவின் பெயர் அவள் வாயில் பெர்பெத்யு ஆகிவிட்டது. கண்ணைப் பார்த்து எது வேண்டும், எது வேண்டாம் என்று வெட்டி ஒதுக்கிய பிறகுதான் மிச்சத்துக்குத் தமிழின் அர்த்தத்தைக் கேட்பாள். அர்த்தம் பெரும்பாலும் அவள் வெட்டியதோடு பொருந்தித்தான் வந்தது. ஆனால் யானைக்கும் அடி சறுக்கும்.

பேர்பெச்சுவாவுக்கு இருந்தது ஒரே ஒரு மகன், அல்பேர்ட். புருஷனைக் கடல் கொண்டுபோனபோது அவன் கைக்குழந்தை. சோதனை எழுதி முடித்துவிட்டு வருகிறேன் என்று ஊரில் நின்றவன், பத்தொன்பது வயதில், வெளிநாட்டுக்கு ஆள் அனுப்புகிற ஒரு ஏஜென்சிக்காரனை நம்பிப் புறப்பட்டான். பம்பாயிலிருந்து ஒருதரம் போன் எடுத்து, “அம்மா, வாறன்” என்றான். அதற்குப் பிறகு ஒரு சத்தமும் இல்லை. ஒரு வருஷமாகப் போகிறது. ஹைமில் உள்ளவர்கள் முதலில் ஒவ்வொரு நாளும், “அல்பேர்ட்டின்ரை சேதி ஏதும் வந்ததோ?” என்று கேட்டார்கள். பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் கேட்டார்கள். பிறகு கேட்பதை விட்டார்கள். அவள் வந்தால் பிள்ளைகளைப் பற்றிய பேச்சைச் சட்டென்று மாற்றினார்கள். செத்தவர்களின் பெயரைத்தான் அப்படி வாய்க்குள் விழுங்குவார்கள். அதுதான் பேர்பெச்சுவாவுக்குப் பொறுக்கவில்லை. கட்டிலுக்கு மேலே மாட்டிய அவனுடைய படத்தைத் தினமும் துடைத்து, ‘வரட்டும், அப்ப தெரியும் உங்களுக்கு’ என்று மனத்துக்குள் எல்லாரையும் ஏசினாள்.

அந்தப் படத்தையும், அதைத் துடைக்கிற கையையும் ஒடீல் பிடித்து வைத்திருந்தாள். பெரிய வெள்ளியன்று கோவில் மண்டபத்தில் பெண்கள் கூடிப் பசாம் என்ற துக்கப்பாட்டைப் பாடியதையும் பிடித்திருந்தாள். யேசுவைச் சிலுவையிலிருந்து இறக்கி மாதாவின் மடியில் கிடத்துகிற இடத்தை ஒப்பாரியாக இழுத்துப் பாடுவது எங்கள் சனத்தின் வழக்கம். பேர்பெச்சுவாதான் முன்குரல். பாடத் தொடங்கினால் மாதாவாகவே மாறிவிடுவாள். கண்ணீர் தாரை தாரையாக வரும். வெட்டுமேசையில் அந்தத் துண்டு ஓடியபோது ஒடீல், “என்ன பாடுறாய்?” என்று கேட்டாள்.

“தாய் அழுகிறா. மகன் செத்துப்போனான். இறக்கிக் கொண்டுவந்து மடியில கிடத்தியிருக்கினம்,” என்றாள் பேர்பெச்சுவா. எந்தத் தாய், எந்த மகன் என்று ஒரு பிரெஞ்சுக்காரிக்குப் போய்ச் சொல்லுவதா? கோவிலில் பாடியதைக் கோவிலில் நின்று பிடித்தவள்தானே!

ஒடீல் சுருளை நிறுத்தினாள். பிறகு பேர்பெச்சுவாவின் கையை எடுத்துத் தன் இரண்டு கைகளுக்கும் நடுவில் வைத்துக்கொண்டாள். அவளுடைய கண்ணும் கலங்கியிருந்தது. ‘என்ன பக்தி!’ என்று பேர்பெச்சுவா உருகிப்போனாள்.

ஐப்பசியில் ஒடீல் கடைசிச் சுருளைத் தனியே இருந்து வெட்டினாள். “முடியும்வரைக்கும் வராதை. உனக்கெண்டு வெட்டுறன்,” என்றாள். முடிந்ததும் கூப்பிட்டு, கதிரையைத் துடைத்து, பேர்பெச்சுவாவை மேசைக்கு முன்னால் இருத்தினாள்.

திரையில் அல்பேர்ட்டின் படம் வந்தது. அதைத் துடைக்கிற கை. அடுத்தது பேர்பெச்சுவாவின் முகம், வாய் திறந்து, கண்ணீர் ஓட, ஒப்பாரி. மறுபடி அல்பேர்ட்டின் சிரித்த முகம். அவனுக்கென்று அவள் விரித்து வைத்திருந்த வெறுங்கட்டில். மறுபடி ஒப்பாரி. அவ்வளவுதான், திரை இருண்டது.

முதலில் அவளுக்கு ஒன்றும் உறைக்கவில்லை. என்ன வடிவாகப் பாடுகிறேன் என்றுகூட ஒரு கணம் நினைத்தாள். பிறகுதான் அந்த ஒப்பாரி யார் பேரில் என்று விளங்கியது.

“என்ரை பிள்ளையைச் சாக்காட்டிப் போட்டியளே!” என்று தமிழில் கத்திவிட்டு எழுந்தாள். உயிரோடு இருக்கிறவன் பேரில் ஒப்பாரி வைப்பதா? எங்கள் சனம் பகிடிக்கும் அதைச் செய்யாது.

ஒடீல் பதறிப்போனாள். “நீதானே சொன்னாய், தாய் அழுகிறா, மகன் செத்துப்போனான் எண்டு! உனக்குச் சேதி வந்திட்டுதாக்கும், எனக்கு மெதுவாச் சொல்லுறாய் எண்டு நினைச்சன்.”

“அது மாதா! மாதாவும் யேசுவும்! பெரிய வெள்ளியில வேற ஆர் சாகிறது?”

“எனக்கு எப்பிடித் தெரியும்?”

“நீங்கள் பிரெஞ்சுக்காரி எல்லோ!”

“பிரெஞ்சுக்காரி எண்டால்?” ஒடீல் கத்தரிக்கோலைக் கழுத்திலிருந்து கழற்றி மேசையில் வைத்தாள். “பெர்பெத்யு, எனக்கு ஒரு செபமும் தெரியாது. செபம் பண்ணுறதைப் படத்தில வெட்டி ஒட்டியிருக்கிறன், அவ்வளவுதான்.”

பேர்பெச்சுவா அப்படியே கதிரையில் விழுந்தாள். ஒரே நாளில் ஒரு மனுஷி எத்தனை அடியைத் தாங்குவாள்?

அந்தச் சுருளைத் தொலைக்காட்சிப் பொறுப்பாளர் கிளாஸன் முந்தியே பார்த்து மெச்சிவிட்டார் என்பது அதைவிடப் பெரிய இடி. நவம்பரில் ஜெர்மன்காரர் செத்தவர்களை நினைக்கிற ஞாயிறு ஒன்று வரும். அன்றைக்கு இரவு படத்தைப் போட முடிவாகியிருந்தது. ஒடீல் அழைத்ததும் மறுநாளே கிளாஸன் வந்தார்.

“கடைசிப் பகுதி இல்லாவிட்டால் இது படமே இல்லை, ஒடீல்,” என்றார். “சும்மா ஆட்கள் கதைப்பதை யார் பார்ப்பார்கள்?”

மூலையில் நின்ற பேர்பெச்சுவா முன்னால் வந்தாள். “என்ரை மகன் சாகேல்லை.”

கிளாஸன் கெட்ட மனுஷன் இல்லை. தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு, மெதுவாகத்தான் கேட்டார். “அம்மா, அது உங்களுக்கு நிச்சயமாகத் தெரியுமா?”

பேர்பெச்சுவா தன்னையே கேட்டுப் பார்த்தாள். தெரியுமா? ஆர் சொன்னது? கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டு வெளியே போனாள்.

ஹைமுக்கு வந்து கொறற்றியிடம் எல்லாவற்றையும் சொன்னாள். கொறற்றி தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்து, முதுகைத் தடவினாள். “விடு, பேர்பெச்சு. ஜெர்மன்காரன் பாத்தால் என்ன, பாக்காட்டி என்ன?” என்றாள். பிறகு தயங்கித் தயங்கி, “எண்டாலும்... சுவாமியிட்டச் சொல்லி அவன்ரை ஆத்துமத்துக்கெண்டு ஒரு பூசை ஒப்புக்குடுத்தால், உனக்கும் மனம் ஆறுமெல்லோ,” என்றாள்.

ஆக, எல்லாரும் அவனைப் புதைத்தாகிவிட்டது. தாய்க்குச் சொல்லத்தான் மிச்சம்! பேர்பெச்சுவா கோப்பையை அப்படியே வைத்துவிட்டு எழுந்து போனாள். படம் தொலைக்காட்சியில் வந்தால் இனி ஒருத்தரும் மறைத்து மறைத்து மௌனமாக இருக்கத் தேவையில்லை. தாயே ஒப்பாரி வைத்துவிட்டாள் என்று ஊர் முழுக்க முடிவாகிவிடும். ஊர் வாயை மூட உலைமூடி ஏது?

ஆனால் ஒடீல் அக்கா? நாற்பது வருஷம் அடுத்தவன் படத்தைத் தைத்துக் கொடுத்த மனுஷிக்கு இது ஒன்றுதானே சொந்தம். பேர்பெச்சுவா அவளை எவ்வளவு ஏசினாலும், அவள்மேல் வைத்த பட்சம் கொஞ்சமும் குறையவில்லை. அதுதான் கரைச்சல். ‘இருக்கட்டும் அக்கா, விடுங்கோ’ என்று சொல்லிவிடுவோம் என்று மறுநாள் காலை புறப்பட்டாள். வழியெல்லாம் அதையே ஜெர்மனில் சொல்லிப் பார்த்துக்கொண்டு நடந்தாள். மேசை அறைக் கதவைத் திறந்ததும் அந்த வசனம் மறந்தே போய்விட்டது.

ஒடீல் தரையில் கால் நீட்டி இருந்தாள். கடைசிச் சுருள் துண்டு துண்டாகக் கிடந்தது. அல்பேர்ட்டின் படம் சட்டத்தின் ஒரு முனை ஊசியிலும், அழுகிற முகம் மறுமுனை ஊசியிலும் தொங்கின.

“கழட்டிப் போட்டன்,” என்றாள் ஒடீல். “ரெண்டு துண்டைப் பக்கத்தில பக்கத்தில ஒட்டினால் சனம் நம்பும். அதுதான் என்ரை தொழில். இந்தமுறை நானே நம்பிப்போட்டன்.”

“உங்கட படம், அக்கா?”

“படம் போகட்டும்.”

“போகட்டுமோ! அப்பிடியெல்லாம் விட ஏலாது. எழும்புங்கோ!” விட்டுக்கொடுக்க வந்தவள் இப்போது ஏசத் தொடங்கினாள். ஏசும்போதே அழுதாள். ஒடீல் சிகரெட்டைத் தலைகீழாக வாயில் வைத்துக் கொளுத்தியதைக் கண்டதும் அழுகைக்கு நடுவே சிரிப்பும் வந்துவிட்டது.

பிறகு இருவருமாகப் பெரிய வெள்ளிச் சுருளை முதலிலிருந்து எடுத்தார்கள். ஒடீல் வெட்டிக் கழித்த துண்டுகளையும் பெட்டியிலிருந்து பொறுக்கி அதனதன் இடத்தில் ஒட்டினாள். அப்போதுதான் பசாம் முடிந்த பிறகு வருகிற துண்டு வந்தது. கமராக்காரன் நிறுத்த மறந்திருந்தான். பெண்கள் சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைக்கிறார்கள். கொறற்றி கொட்டாவி விடுகிறாள். கோவில் கஞ்சி வருகிறது. அழுத முகம் காயாமலே பேர்பெச்சுவா ஒரு மிடறு குடித்து, முகத்தைச் சுளித்து, ஏதோ சொல்லுகிறாள். எல்லாரும் சிரிக்கிறார்கள்.

“இதை நான் சத்தம் கேக்காமலே வெட்டிப் போட்டன்,” என்றாள் ஒடீல். “இவ்வளவு துக்கத்துக்குப் பிறகு சிரிப்பு பொருந்தாது எண்டு. என்ன சொல்லுறாய் இதில?”

பேர்பெச்சுவாவுக்கு நினைவில்லை. சத்தச் சுருளையும் சேர்த்து ஓட்டச் சொன்னாள். அவளுடைய குரலே அவளுக்குக் கேட்டது:

“சீ, என்ன கஞ்சி இது! எங்கட அல்பேர்ட் வந்தால் இதை வாயிலயும் வைக்கமாட்டான். அவன் வாற நேரம் நான் இந்த ஊரெல்லாம் விளமீன் தேடித் திரியப்போறன், இருந்து பார், கொறற்றி.”

“என்ன?” என்றாள் ஒடீல். “சொல்லு.”

“என்ரை மகன் வந்தால்...” என்று பேர்பெச்சுவா ஜெர்மனில் தொடங்கினாள். அதற்குமேல் போக முடியவில்லை. நேற்று கிளாஸன் கேட்ட கேள்வியிலிருந்து, தன் நம்பிக்கையே பொய்யோ, சும்மா பிடிவாதமோ என்று நெஞ்சுக்குள் ஒரு பயம் அரித்துக்கொண்டிருந்தது. திரையில் இருக்கிற இந்தப் பெண்ணோ யோசிக்காமல், ஒருத்தருக்கும் நிரூபிக்காமல், கஞ்சியைக் கையில் வைத்துக்கொண்டு அவன் வருவான் என்று சொல்லுகிறாள். அதைப் பார்க்கப் பார்க்கப் பேர்பெச்சுவாவின் நெஞ்சு இளகியது. மூன்றாம் முறைதான் முழுவதையும் சொல்லி முடித்தாள். விளமீனுக்கு ஜெர்மன் சொல் கிடைக்காமல், “நல்ல மீன்” என்றாள்.

ஒடீல் மூக்கை உறிஞ்சினாள். கத்தரிக்கோலைக் கழுத்தில் மாட்டவேயில்லை. “ஒப்பாரியிலயிருந்து சிரிப்புவரைக்கும் ஒரு வெட்டும் வெட்டமாட்டன்,” என்றாள்.

மாதாவின் மகனுக்கு அழுத முகமே, துடைத்துக்கொண்டு, தன் மகனுக்கு மீன் தேடுகிறது. கிளாஸன் அதைப் பார்த்துவிட்டு நெற்றியைத் தடவினார். செத்தவர் ஞாயிற்றுக்கு இது சரிவராது என்றார். ஒடீல், சரிவராதுதான் என்றாள். கடைசியில், யேசு பிறப்புக்குக் காத்திருக்கிற ஆகமன காலத்து ஞாயிறு ஒன்றின் பிற்பகலில், சனம் கேக் தின்றுகொண்டிருக்கிற நேரத்தில், படத்துக்கு இடம் கிடைத்தது. ஒடீலுக்கு அது போதும்.

அன்றைக்கு ஹைமின் தொலைக்காட்சி அறையில் ஊசி விழ இடமில்லை. ஒடீல் தரையில் குந்தியிருந்தாள். ஒவ்வொருத்தியும் தன் முகம் வரும்போது வெட்கப்பட்டுத் தலைப்பால் மூடினாள். கடைசியில் பசாம் வந்தது. எல்லாரும் கூடவே முணுமுணுத்தார்கள். பிறகு கஞ்சி வந்தது. “எங்கட அல்பேர்ட் வந்தால்” என்று திரையிலிருந்து பேர்பெச்சுவா சத்தமாகச் சொன்னாள்.

அந்தப் பெயரை அந்த வீட்டில் ஒருத்தரும் வாய்விட்டுச் சொல்லி எவ்வளவு நாள்! பேர்பெச்சுவா தலையைக் குனிந்துகொண்டாள். யார் முகத்தையும் பார்க்க அவளுக்குத் தைரியம் இல்லை.

பின்னாலிருந்து கொறற்றியின் குரல்தான் முதலில் வந்தது. “கஞ்சி மட்டுமே? ஊரில ஒருக்கா என்ரை புட்டைத் திண்டிட்டுக் கல்லு எண்டு சொன்னவனெல்லோ அல்பேர்ட்! அந்த வாய்க்கு விளமீனோ?”

“எங்கட ஐயாவின்ரை வள்ளத்தைக் கேளாமல் கொண்டுபோய்த் தரை தட்டவிட்டவன்!” என்றாள் இன்னொருத்தி. “வரட்டும், நல்லாக் குடுக்கிறன்.”

“என்ரை தம்பியைச் சோதினையில பாத்து எழுத விடாமல் மறைச்சவன், கள்ளன்!”

ஆளுக்கொன்றாய் எழும்பின குற்றச்சாட்டுகள். அறை முழுவதும் அல்பேர்ட், அல்பேர்ட் என்றே கேட்டது. தமிழ் தெரியாத ஒடீலுக்கு அந்த ஒரு பெயர்தான் விளங்கியது. அவள் பயந்துபோய்ப் பேர்பெச்சுவாவின் முழங்காலைப் பிடித்தாள்.

“பெர்பெத்யு, என்ன சொல்லினம்? அழுகினமோ?”

“இல்லை அக்கா,” என்றாள் பேர்பெச்சுவா. கன்னத்தில் வழிந்ததைத் துடைக்கக்கூட அவளுக்குத் தோன்றவில்லை. “என்ரை பிள்ளையைப் பேசுகினம். வந்தால் அடிப்பினமாம்.”

பிறகு கதிரையை முழுவதுமாகப் பின்பக்கம் திருப்பிப்போட்டு, சனத்தைப் பார்த்து இருந்துகொண்டாள்.

“வேற என்ன செய்தவன்? சொல்லுங்கோ,” என்றாள்.